நான்கு காம்பு

மாராவா தாண்டினால் சாலைக்கு விளக்கு கிடையாது.
பண்ணை பண்ணையாய் நின்று பால் ஏற்றி
ஸ்மித்டன் ஆலையில் இறக்குகிறவன் நான்.
இருபதாயிரம் லிட்டர் பின்னால் தளும்பும்போது
பிரேக் என்பது வெறும் வேண்டுதல்.

ஜூலைக் கடைசி. சீம்பால் தீர்ந்து
நல்ல பால் வரத் தொடங்கிய வாரம்.
கடற்காற்று வண்டியைத் தோளால் இடித்தபடி இருந்தது.
வளைவில் ஒரு பாடிமெலன்,
முயலைவிடக் கொஞ்சம் பெரிய கங்காரு,
எவனோ அடித்துப் போட்டது.
சுற்றிப் போக ஒடித்தேன்.
அதைத் தின்ன வந்திருந்தவளைப் பார்க்கவில்லை.

சத்தம் பெரிதில்லை.
ஒற்றை பூட்ஸ் விழுந்த மாதிரி.

கறுப்பு. மார்பில் மட்டும் வெள்ளைப் பட்டை.
எலும்பையும் மயிரையும்கூட மிச்சம் வைக்காத தாடை.
டெவில், பேய் என்று பேர் வைத்தவர்கள்
இருட்டில் கேட்ட குரலுக்கு வைத்தார்கள்.
குரல் போனபின்
நனைந்த நாய்க்குட்டி அளவுதான் இருந்தாள்.

டேஷ்போர்டில் ரொவீனா டாட்னெல் ஒட்டிய சீட்டு,
மூன்று வருஷக் காபிக் கறையோடு:
பையைப் பார். பிடுங்காதே. சூடாக வை.

வால் பக்கமாய்த் திறக்கும் பை. கைவிட்டேன்.
சாலை உறைந்து கிடந்தது,
உள்ளே அடுப்பு இன்னும் அணையவில்லை.
நான்கு.
ஆளுக்கொரு காம்பில் வாய் பூட்டி,
கண் திறக்காமல்,
செத்தவளிடம் குடித்துக்கொண்டிருந்தன.

மாட்டுக்கும் நான்குதான்,
நான் தினமும் பார்க்கிற கணக்கு.
ஆனால் இவள் ஈன்றது இருபதோ முப்பதோ,
ஒவ்வொன்றும் அரிசி மணி.
பிறந்த வாயிலிலிருந்து பைவரை
சில அங்குலம், சளியில் நீந்திப் போகவேண்டும்.
முந்திய நான்குக்குக் காம்பு.
மற்றதற்கு அந்தச் சில அங்குலமே உலகம்.
ஏப்ரலில் ஒரு ராத்திரி
இந்த நான்கும் ஜெயித்தன.
ஜெயித்து, என் சக்கரத்துக்கு வந்தன.

ஜாக்கெட்டில் சுற்றிப் பக்கத்து இருக்கையில் வைத்தேன்.
ஹீட்டரைக் கூட்டினேன். ஐம்பது கிலோமீட்டர்.
வண்டி நிறையப் பால்,
ஒரு சொட்டு இவற்றுக்கு ஆகாது.
பேசிக்கொண்டே போனேன்: பால் விலை,
முட்டி வலி, போன் எடுக்காத என் மகள்.

படுக்கை உடுப்பின்மேல் மழைக்கோட்டோடு
ரொவீனா கதவு திறந்தாள்.
பையைப் பார்க்குமுன் முகத்தைப் பார்த்தாள்.
உதட்டை விரலால் மடித்தாள்.
உள் ஓரத்தில் ஒரு பட்டாணி.

"இது இவளுடைய சதையே இல்லை" என்றாள்.

எத்தனையோ வருஷம் முன்னால், கிழக்குப் பக்கம்,
ஒரு பெண் டெவிலின் உடம்பில்
ஒரே ஒரு செல் தடம் மாறியதாம்.
அவள் செத்தாள். செல் சாகவில்லை.
இரைக்குச் சண்டை, இணைக்குச் சண்டை,
கடித்த வாயிலிருந்து கடிபட்ட முகத்துக்கு,
தீவின் குறுக்கே நடந்து
இந்தக் கரைக்கும் வந்துவிட்டாள்,
பேரில்லாத அந்த ஒருத்தி,
சாகத் தெரியாமல்.

"அப்படியானால், நான் அடிக்காவிட்டாலும்..."
"ஆறு மாதம். வாய் அடைபட்டு, பட்டினியில்."
கத்தரியைத் தேடிக்கொண்டே சொன்னாள்:
"அதற்காக உன்னை விட்டுவிட்டேன் என்று நினைக்காதே."

காம்பை அடியோடு நறுக்கினாள்.
குட்டிகள் விடவில்லை,
அறுந்த அம்மாவின் துண்டை
வாயில் வைத்திருந்தன.
"பாலில் தொற்றாது. கடிபட்டால்தான்."

வியாழக்கிழமை ஒன்று போனது.
மூன்று இருக்கிறது. ஒன்று
ரொவீனாவின் கட்டை விரலைப் பதம் பார்த்ததாம்.
போனில் சொல்லும்போது குரலில் பெருமை.

ஆலையில் தாமதத்துக்குக் காரணம் கேட்டார்கள்.
சாலையில் மாடு என்று எழுதிக் கொடுத்தேன்.

இப்போதெல்லாம் வளைவில் நிறுத்துகிறேன்.
செத்தது எதுவானாலும் வாலைப் பிடித்து
புதருக்குள் இருபது அடி இழுத்துப் போடுகிறேன்,
பந்தியைத் தள்ளிப் போடுகிற மாதிரி.

வண்டிக்கு ஏறுமுன்பே பின்னால் தொடங்கிவிடும்
அந்த அலறல்.
இரண்டு, மூன்று, எத்தனையோ.
முகத்தோடு முகம் கடித்துக்கொள்வார்கள்.
கடிக்காமல் சாப்பிட அவர்களுக்குத் தெரியாது.